மாதத் தவணையைக் கேட்காதீர்கள், மொத்தத்தைக் கேளுங்கள்

கற்பிட்டியில் கருவாடு கொள்முதல் செய்யும் வியாபாரி முதலில் கிலோ என்ன விலை என்று கேட்பார். பிறகு சாக்குக்கு எவ்வளவு, ஏற்றுக்கூலி எவ்வளவு, கொழும்பு புறக்கோட்டைக்குப் போய்ச் சேரும்போது காய்ந்து எத்தனை கிலோ குறையும் என்று பார்ப்பார். இவ்வளவையும் கூட்டிய பிறகுதான் தன்னுடைய அடக்க விலை இன்னது என்று முடிவு செய்வார். கிலோவுக்கு ஐந்து ரூபா பிசகினாலும் அன்றிரவு அவருக்கு நித்திரை வராது.

அதே வியாபாரி வீடு கட்டக் கடன் கேட்டு வங்கிக்குப் போனால் ஒரே ஒரு கேள்விதான் கேட்கிறார். "மாதம் எவ்வளவு கட்ட வேண்டும்?"

யாரையும் குறை சொல்ல இதை எழுதவில்லை. நானும் அப்படிக் கேட்டவன்தான்.

போன மாதம் என் தம்பியின் மகன் வீட்டுக்கு வந்தான். நுரைச்சோலையில் கடை வைத்திருக்கிறான். உழைப்பாளி. பாலாவியில் காணி வாங்கிப் போட்டிருக்கிறான். கையில் வங்கிப் படிவங்களோடு வந்து, "சாச்சா, ஐம்பது இலட்சம் தாறாங்க. இருபது வருஷம். மாசம் ஐம்பத்தஞ்சாயிரம்தான், கடை தாங்கும்" என்றான். முகத்தில் அவ்வளவு சந்தோசம். காணி உறுதியோடு கடை உறுதியையும் ஈடு வைக்கிறதாகச் சொன்னான்.

"சரி மகன், வீட்டுக்கு மொத்தமா எவ்வளவு குடுக்கப் போற?" என்று கேட்டேன்.

"ஐம்பது இலட்சம்தானே சாச்சா, வட்டி கொஞ்சம் வரும்" என்றான்.

அந்தக் "கொஞ்சம்" எவ்வளவு என்பதைத்தான் இந்த வாரம் வாசகர்களோடு பேச விரும்புகிறேன்.

நான் படித்த பாடம்

2004ஆம் ஆண்டு நான் வீட்டுக்காக 10 இலட்சம் ரூபா கடன் எடுத்தேன். எந்த வங்கி என்பது இங்கே தேவையில்லை, எங்கே எடுத்தாலும் கணக்கு ஒன்றுதான். நூற்றுக்கு 12 வீதம் வட்டி, 20 வருடத் தவணை, மாதம் 11 ஆயிரம் ரூபா. ஒரு மாதமும் பிந்தாமல் கட்டினேன். அதில் எனக்குப் பெருமையும் இருந்தது.

2009இல் என் லொறியை விற்றேன். கையில் 5 இலட்சம் இருந்தது. கடனை முடித்துவிடலாம் என்று வங்கிக்குப் போனேன். என் மனக்கணக்கு சுலபமானது. ஐந்து வருடத்தில் 6 இலட்சத்து 60 ஆயிரம் கட்டியிருக்கிறேன். மூன்றரை இலட்சம் பாக்கி இருக்கும், வட்டி என்று இன்னும் கொஞ்சம் கேட்பார்கள், மிச்சத்தில் ஒரு பழைய வேன் வாங்கலாம்.

அதிகாரி கணக்கைப் பார்த்துச் சொன்ன பாக்கி 9 இலட்சத்து 17 ஆயிரம்.

பிழையாகப் பார்த்துவிட்டார் என்று நினைத்து, இன்னொரு தடவை பார்க்கச் சொன்னேன். பிழை அவரிடம் இல்லை. ஐந்து வருடமாக நான் கட்டியதில் முதலில் கழிந்தது 83 ஆயிரம் ரூபா கூட இல்லை. மற்றதெல்லாம் வட்டி. ஒப்பந்தத்தில் எல்லாம் எழுதித்தான் இருந்தது. வாசிக்காமல் கையெழுத்துப் போட்டவன் நான்.

கணக்கு இப்படித்தான் ஓடுகிறது

இப்போது மருமகனின் 50 இலட்சத்துக்கு வருவோம். வட்டி வருடத்துக்கு 12 வீதம் என்றால் மாதத்துக்கு 1 வீதம். 50 இலட்சத்துக்கு முதல் மாத வட்டி மட்டும் 50,000 ரூபா. தவணை 55,054 ரூபா. அப்படியென்றால் முதல் மாதம் வீட்டுக்காகப் போனது 5,054 ரூபாதான். மிச்சம் 50,000 ரூபா, கடன் பணத்துக்கு வங்கிக்குக் கொடுத்த வாடகை.

அடுத்த மாதம் முதல் சற்றுக் குறைந்திருக்கும், வட்டியும் 50 ரூபா குறையும். இப்படி நத்தை வேகத்தில் நகர்ந்து, முதலில் பாதி கழிய ஏறக்குறைய 15 வருடம் ஆகிறது. பத்து வருடம் முடியும்போது 66 இலட்சம் கட்டியிருப்பான். எடுத்த கடனைவிட அதுவே கூட. அப்போதும் 38 இலட்சத்துக்கு மேல் பாக்கி நிற்கும்.

தவணைக் காலத்தை மாற்றினால் என்ன ஆகிறது என்று பாருங்கள். அதே 50 இலட்சம், அதே 12 வீதம்:

20 வருடம்: மாதம் 55,054 ரூபா. மொத்தம் 1 கோடி 32 இலட்சம்.
15 வருடம்: மாதம் 60,008 ரூபா. மொத்தம் 1 கோடி 8 இலட்சம்.
10 வருடம்: மாதம் 71,736 ரூபா. மொத்தம் 86 இலட்சம்.

இருபது வருடத்தைப் பதினைந்தாக்கினால் மாதம் 5 ஆயிரத்துக்கும் குறைவாகத்தான் கூடுகிறது. மொத்தத்தில் 24 இலட்சம் மிஞ்சுகிறது. எந்த வியாபாரத்தில் இப்படி ஒரு இலாபம் கிடைக்கும்? தவணை நீண்டால் கட்டுவது இலேசு என்று நினைக்கிறோம். மாதக் கணக்கில் அது இலேசுதான், மொத்தக் கணக்கில்தான் பாரம்.

வீதம் மாறினால்?

இவ்வளவும் 20 வருடமும் வட்டி வீதம் அசையாமல் நின்றால் வரும் கணக்கு. நம் நாட்டில் அது நிற்குமா?

2022 ஏப்ரல் 8ஆம் திகதி மத்திய வங்கி தன் கொள்கை வட்டி வீதங்களை ஒரே நாளில் 7 வீதப் புள்ளிகளால் உயர்த்தியது. 2023 மார்ச்சில் அதன் கடன் வசதி வீதம் 16.5 வரை போனது. வங்கிகள் தங்கள் முதல்தர வாடிக்கையாளர்களுக்குக் கொடுக்கும் கடனின் சராசரி வீதத்தை ஏ.டபிள்யூ.பி.ஆர். என்பார்கள். 2021 இறுதியில் அது 8 வீதத்தை ஒட்டி இருந்தது. 2022 இறுதியில் 27 வீதத்தைத் தாண்டி நின்றது. மாறும் வட்டியில் கடன் எடுத்தவர்களின் தவணை பெரும்பாலும் இந்த வீதத்தோடு சேர்ந்துதான் ஏறி இறங்குகிறது.

12 வீதத்தில் 50 இலட்சம் எடுத்து மூன்று வருடம் ஒழுங்காகக் கட்டிய ஒருவரை நினைத்துக்கொள்ளுங்கள். அவருடைய பாக்கி 47 இலட்சத்து 82 ஆயிரம். அந்த நேரம் வீதம் 24 ஆனால் ஒரு மாத வட்டி மட்டும் 95 ஆயிரத்துக்கு மேல். 55 ஆயிரமாக இருந்த தவணை 97 ஆயிரமாகும். பெற்றோலுக்கு வரிசையில் நின்ற, கடையில் சாமான் இல்லாத காலத்தில் அந்த மேலதிக 42 ஆயிரத்துக்கு எங்கே போவது?

2023 ஜூனில் இருந்து வீதங்கள் இறங்கத் தொடங்கின, உண்மைதான். ஆனால் தவணை தவறியவருக்கு இறங்கும்வரை காத்திருக்க முடிவதில்லை. 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டப்படி, ஈடு வைத்த சொத்தை நீதிமன்றம் போகாமலே ஏலத்தில் விற்க வங்கிகளுக்கு அதிகாரம் உண்டு. பராட்டே என்று நாம் பேசுவது இதைத்தான். சிறு தொழில்காரர்கள் முறையிட்டதால் 2024இல் அதைத் தற்காலிகமாக நிறுத்தினார்கள், பிறகு அந்தத் தவணை 2025 மார்ச் 31 வரை நீடிக்கப்பட்டது. ஏலம் நின்றதே தவிர கடன் அழியவில்லை.

கடை உறுதியையும் சேர்த்து ஈடு வைக்காதே என்று மருமகனிடம் சொன்னதற்குக் காரணம் இதுதான். வீடு போனால் கடையில் உழைத்து இன்னொன்று கட்டலாம். கடையும் போனால் எதை வைத்து எழும்புவது? எங்கள் கரையில் 1990களில் இறால் பண்ணைகளில் வெண்புள்ளி நோய் வந்து தொட்டிகள் காய்ந்து கிடந்ததை மறந்துவிட்டோமா? எந்தத் தொழிலிலும் அப்படி ஒரு வருடம் வரும்.

மறுபக்கத்தையும் சொல்ல வேண்டும். 2022 மார்ச் தொடக்கத்தில் 200 ரூபாவை ஒட்டியிருந்த டொலர், மே மாதத்தில் 360ஐத் தொட்டது. சீமெந்தும் கம்பியும் எட்டாத விலைக்குப் போயின. அதற்கு முன் நிலையான வட்டியில் கடன் எடுத்துக் கட்டி முடித்தவர்கள் நல்ல காரியம் செய்தார்கள். ஆகவே கடன் எடுப்பதே புத்தியீனம் என்று நான் சொல்ல வரவில்லை. விலை தெரியாமல் வாங்குவதுதான் புத்தியீனம்.

வட்டியில்லாத வழி

நம்மில் பலர் வட்டியைத் தவிர்க்கவே விரும்புகிறோம். 2005இல் வங்கிச் சட்டம் திருத்தப்பட்ட பிறகு அதற்கு இலங்கையில் வழி திறந்தது. 2011இல் அமானா வங்கி முழுமையான இஸ்லாமிய வங்கியாக இயங்கத் தொடங்கியது. வேறு வங்கிகளிலும் இதற்கெனத் தனிப் பிரிவுகள் உண்டு. வீட்டுக்கு அதிகம் வழங்கப்படுவது குறைந்து செல்லும் முஷாரக்கா முறை. வங்கியும் நீங்களும் வீட்டில் பங்காளிகள். வங்கியின் பங்குக்கு வாடகை கொடுத்துக்கொண்டே அந்தப் பங்கைச் சிறிது சிறிதாக வாங்கி முடிக்கிறீர்கள்.

மார்க்கச் சட்டத்தை உலமாக்களிடம் கேளுங்கள். வியாபாரி என்ற முறையில் நான் சொல்வது ஒன்றுதான். வட்டி இல்லை என்றால் விலை இல்லை என்று அர்த்தமில்லை. அங்கேயும் மொத்தம் எவ்வளவு, வாடகையை எப்போது, எதை வைத்து மாற்றுவீர்கள், இடையில் முடித்தால் என்ன கணக்கு என்று கேட்க வேண்டும். கேட்பது நம்பிக்கைக் குறைவு அல்ல. கொடுக்கல் வாங்கலை எழுதி வைக்கச் சொல்லும் வசனம்தான் குர்ஆனிலேயே மிக நீளமானது.

கையெழுத்துக்கு முன்

வங்கியில் இவற்றைக் கேளுங்கள். வாயால் சொன்னால் போதாது, எழுத்தில் வாங்குங்கள்.

1. கடைசித் தவணை வரை நான் கட்டும் மொத்தத் தொகை எவ்வளவு? முழுத் தவணை அட்டவணையையும் தாருங்கள்.

2. வட்டி எத்தனை வருடத்துக்கு நிலையானது? அதன் பிறகு எந்த வீதத்தோடு சேர்ந்து மாறும்? உச்ச வரம்பு உண்டா?

3. வட்டி குறையும் பாக்கிக்கா, முழு முதலுக்கா? நிதிக் கம்பனிகளில் "பிளாட் ரேட்" என்றால் கவனம். 10 வீதம் பிளாட்டில் 10 இலட்சத்தை ஐந்து வருடத்துக்கு எடுத்தால் மாதம் 25,000 ரூபா. குறையும் பாக்கிக் கணக்கில் அது 17 வீதத்துக்கும் மேல்.

4. மதிப்பீட்டுக் கட்டணம், நொத்தாரிசு கட்டணம், முத்திரை வரி, உறுதி பார்க்கும் செலவு, ஆயுள் காப்புறுதி, தீக் காப்புறுதி எல்லாம் சேர்த்து எவ்வளவு?

5. முன்கூட்டிக் கட்டினால் தண்டம் எவ்வளவு? பகுதியாகக் கட்ட விடுவீர்களா?

ஐந்தாவது கேள்விதான் என்னைக் காப்பாற்றியது. அன்று வெறுங்கையோடு திரும்பாமல், ஒரு சிறு தண்டக் கட்டணத்தோடு அந்த 5 இலட்சத்தையும் முதலில் கட்டினேன். தவணையைக் குறைக்கச் சொல்லவில்லை, பழையபடி 11 ஆயிரம் கட்டி வந்தேன். பதினைந்து வருடம் பாக்கி இருந்த கடன் ஏறக்குறைய நான்கு வருடத்தில் முடிந்தது. லொறி இல்லாமல் வாடகை வாகனத்தில் சரக்கு ஏற்றிய கஷ்டம் எனக்குத் தெரியும். ஆனால் பதினொரு வருடத் தவணை, அதாவது 14 இலட்சத்துக்கு மேல், மிச்சமானது. சீசனில் நல்ல காசு கண்டால் அதில் ஒரு பங்கை முதலில் போடுங்கள். எவ்வளவு முந்திப் போடுகிறீர்களோ அவ்வளவு நன்மை.

மருமகன் அன்றிரவு கல்குலேட்டரும் கொப்பியுமாக என் வீட்டிலேயே இருந்தான். 1 கோடி 32 இலட்சம் என்று எழுதியதும் சற்று நேரம் பேசவில்லை. பிறகு, "மேல் மாடி இப்ப தேவையில்லதானே சாச்சா?" என்று கேட்டான்.

1990 ஒக்டோபரில் வடக்கிலிருந்து விரட்டப்பட்டு வெறுங்கையோடு எங்கள் மாவட்டத்துக்கு வந்த மக்களைப் பார்த்தவர்கள் நாம். ஓலைக் கொட்டிலில் தொடங்கி, ஓர் அறை, பிறகு இன்னோர் அறை என்று கட்டி எழுப்பிய குடும்பங்கள் எத்தனை! அவர்களை யாரும் குறைவாக நினைக்கவில்லை.

அவன் இப்போது 30 இலட்சத்துக்கு, பத்து வருடத்துக்கு விண்ணப்பித்திருக்கிறான். மாதம் 43 ஆயிரம், மொத்தம் 51 இலட்சத்து 65 ஆயிரம். வீதம் மாறினால் கூடக் குறையலாம், அதையும் தெரிந்துகொண்டுதான் போகிறான். கீழ் வீடு மட்டும், இரண்டு அறை. கடை உறுதி அவனுடைய உம்மாவின் அலுமாரியில் இருக்கிறது.

மேலே தூண் கம்பிகள் கொஞ்ச வருடம் நீட்டிக்கொண்டுதான் நிற்கும். இன்ஷா அல்லாஹ், கடன் முடிந்த பிறகு மாடி கட்டலாம்.