பசிப்பிணி: வானம் பொய்த்ததாலா, வழி அடைபட்டதாலா?

ஆடி மாதம் பிறந்துவிட்டால் நம் நாட்டு மாரியம்மன் ஆலயங்களில் கூழ் வார்ப்பார்கள். சின்ன வெங்காயத்தைக் கடித்துக்கொண்டு கேழ்வரகுக் கூழைக் குடிக்கும்போது, இது நம் பாட்டன் பூட்டன் உணவு என்ற பெருமிதம் நமக்கு எழும். அந்தப் பெருமிதத்தில் தவறில்லை. ஆயினும் அந்தக் கேழ்வரகின் பூர்வீகம் எது தெரியுமா? எத்தியோப்பியா, உகாண்டா முதலிய கிழக்கு ஆப்பிரிக்க நாடுகளின் மேட்டுநிலம். கம்பு மேற்கு ஆப்பிரிக்காவில் பிறந்தது. சோளம் சூடான் பகுதியில் பிறந்தது. சில ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் கடல் கடந்து வந்த இந்தத் தானியங்களே தென்னிந்தியாவின் வறண்ட நிலத்து மக்களைத் தலைமுறை தலைமுறையாகக் காத்தன.

நம் முன்னோருக்குச் சோறிட்ட அந்தக் கண்டத்தின் பெயரைக் கேட்டதும் இன்று நம் மனத்தில் தோன்றும் படம் எது? வயிறு வீங்கி, கண் குழிந்த ஒரு குழந்தையின் படம். அது முற்றிலும் பொய்யுமல்ல. ஐக்கிய நாட்டு அமைப்புகளின் 2025ஆம் ஆண்டு அறிக்கைப்படி, 2024இல் உலகில் ஏறக்குறைய 673 மில்லியன் பேர் பசியால் வாடினர். அவர்களில் 307 மில்லியன் பேர் ஆப்பிரிக்கர்கள். அதாவது, அக்கண்டத்தில் ஐவரில் ஒருவருக்கு மேல் போதிய உணவின்றி வாழ்கிறார்.

ஏன் இந்த நிலை? "மழை இல்லை, மக்கள்தொகை அதிகம், மண் வறண்டது" என்று பலரும் எளிதாகப் பதில் சொல்லிவிடுகிறோம். அந்தப் பதில் எவ்வளவு தூரம் சரி என்பதை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

பசியின் பல முகங்கள்

பசி என்ற ஒரே சொல்லுக்குள் பல நிலைகள் அடங்கியுள்ளன. உடலுக்குத் தேவையான எரிசக்தி நாள்தோறும் கிடைக்காமல் போவது ஒரு நிலை. வயிறு நிரம்பினாலும் இரும்பு, அயோடின், உயிர்ச்சத்து ஏ போன்றவை இல்லாமல் உடல் தேய்வது இன்னொரு நிலை. இதனை மறைபசி என்பர். நாளைக்கு உணவு கிடைக்குமா என்ற உறுதியே இல்லாமல் வாழ்வது மூன்றாவது நிலை. இதுவே உணவுப் பாதுகாப்பின்மை. இவை முற்றிப்போய், ஒரு வட்டாரமே மடியத் தொடங்கும் நிலைதான் பஞ்சம்.

பஞ்சம் நாளேடுகளில் வருகிறது. மற்றவை சத்தமில்லாமல் நடக்கின்றன. ஆப்பிரிக்காவில் ஐந்து வயதுக்குட்பட்ட குழந்தைகளில் சுமார் 30 விழுக்காட்டினர் வயதுக்கேற்ற உயரமின்றி வளர்ச்சி குன்றியிருக்கின்றனர். தாயின் வயிற்றில் கருவானது முதல் இரண்டாம் பிறந்தநாள் வரையிலான ஏறக்குறைய ஆயிரம் நாள்களில் ஏற்படும் இந்தக் குறையைப் பிற்காலத்தில் முழுமையாக ஈடுசெய்வது மிகக் கடினம்.

இங்கே நம் மண்ணோடு தொடர்புடைய ஒரு மருத்துவரை நினைவுகூர வேண்டும். ஜமைக்காவில் பிறந்த சிசிலி வில்லியம்ஸ் 1929இல் அன்றைய கோல்ட் கோஸ்டுக்கு, அதாவது இன்றைய கானாவுக்கு, காலனி அரசின் மருத்துவராகச் சென்றார். அங்கே கை கால் வீங்கி, தலைமுடி செம்பட்டையாகி, தோல் உரிந்த நிலையில் குழந்தைகள் கொண்டுவரப்பட்டனர். மற்ற மருத்துவர்கள் வேறு நோய்களின் பெயரைச் சொன்னார்கள். வில்லியம்ஸ் உள்ளூர்த் தாய்மார்களிடம் கேட்டார். அவர்கள் தங்கள் கா மொழியில் அந்நோயைக் "குவாஷியோர்கோர்" என்றனர். அடுத்த குழந்தை பிறந்ததும் தாய்ப்பாலிலிருந்து விலக்கப்பட்ட மூத்த குழந்தைக்கு வரும் நோய் என்பது அதன் பொருள். காரணமும் காலமும் அந்தப் பெயருக்குள்ளேயே இருந்தன. பால் குடித்த குழந்தைக்குத் திடீரென மக்காச்சோளக் கூழ் மட்டுமே உணவானது. 1935இல் வில்லியம்ஸ் அந்தப் பெயரையே மருத்துவ உலகுக்கு அறிவித்தார். அந்நோய்க்குப் புரதக் குறைவு மட்டும் காரணமன்று என்பது பிற்கால ஆய்வுகளின் கருத்து. எனினும் அவர் வைத்த பெயர் இன்றும் நிலைத்திருக்கிறது.

1936இல் அவர் மலாயாவுக்கு மாற்றப்பட்டார். குழந்தைகளுக்குத் தாய்ப்பாலுக்குப் பதிலாக இனிப்பூட்டிய கெட்டிப்பாலைப் புகட்டும் வழக்கத்தையும் அதற்கான விளம்பரத்தையும் கண்டித்து, 1939இல் சிங்கப்பூரில் ஓர் உரை நிகழ்த்தினார். "பாலும் கொலையும்" என்பது அவ்வுரையின் தலைப்பு. ஜப்பானியர் காலத்தில் சாங்கி முகாமில் சிறைப்பட்டிருந்தார். 1948இல் உலகச் சுகாதார நிறுவனத்தின் தாய்சேய் நலப் பிரிவின் முதல் தலைவரானார். உணவு நாட்டில் இருக்கிறதா என்பதோடு, அது இந்தக் குழந்தையின் வாய்க்கு ஏன் வந்து சேரவில்லை என்றும் கேட்க வேண்டும் என்பதே அவர் பணி நமக்கு உணர்த்தும் பாடம்.

சந்தையில் தானியம், வீட்டில் பட்டினி

இதே கேள்வியைப் பொருளாதாரத்தில் கேட்டவர் அமர்த்தியா சென். 1943ஆம் ஆண்டின் வங்காளப் பஞ்சத்தைச் சிறுவனாக இருந்தபோது நேரில் கண்டவர் அவர். வறுமையையும் பஞ்சங்களையும் பற்றி 1981இல் அவர் எழுதிய நூலில் வங்காளத்தோடு எத்தியோப்பியாவையும் ஆராய்ந்தார். 1973இல் எத்தியோப்பியாவின் வொல்லோ மாநிலத்தில் பெரும் பஞ்சம் நிலவியது. ஆனால் அவ்வாண்டு நாட்டின் மொத்த உணவு உற்பத்தி பெரிதாகச் சரியவில்லை. வொல்லோவின் சந்தைகளில் தானிய விலையும் விண்ணை முட்டவில்லை. அந்த மாநிலத்திலிருந்து உணவு வெளியே சென்றதும் உண்டு!

இது எப்படி நடக்கும்? எடுத்துக்காட்டாக, ஆடு வளர்க்கும் ஒரு குடும்பத்தை எண்ணிப் பாருங்கள். அவர்கள் ஆட்டை மட்டுமே உண்டு வாழ்வதில்லை. ஆட்டை விற்றுத் தானியம் வாங்குகிறார்கள். வறட்சி வந்தால் ஆடுகள் மெலிகின்றன. எல்லாரும் ஒரே நேரத்தில் விற்க வருவதால் ஆட்டின் விலை சரிகிறது. நேற்று ஓர் ஆட்டுக்கு ஒரு மூட்டை கிடைத்த இடத்தில் இன்று மூன்று ஆடு கொடுத்தாலும் ஒரு மூட்டை கிடைப்பதில்லை. விளைச்சல் பொய்த்த உழவனுக்கும் இதே நிலைதான். விற்கத் தானியமில்லை, கூலி வேலையுமில்லை. கையில் காசில்லாதவனின் பசியைச் சந்தை ஒரு தேவையாகக் கருதுவதில்லை. ஆகவே தானியம் காசிருக்கும் ஊரைத் தேடிப் போகிறது.

2005இல் மேற்கு ஆப்பிரிக்காவின் நைஜரில் நடந்ததும் இதுவே. முந்தைய ஆண்டில் வறட்சியும் வெட்டுக்கிளியும் விளைச்சலைக் குறைத்தன. எனினும் கடைகளில் தினை வகைகள் இருந்தன. வாங்கும் சக்திதான் இல்லை. அறுவடை முடிந்ததும் கடனை அடைக்கக் குறைந்த விலைக்கு விற்ற அதே தானியத்தை, அடுத்த அறுவடைக்கு முந்தைய மாதங்களில் பன்மடங்கு விலைக்குத் திரும்ப வாங்க வேண்டிய கொடுமை அங்கு ஆண்டுதோறும் நிகழ்கிறது.

ஒரே மண், வெவ்வேறு முடிவுகள்

வறட்சிதான் பஞ்சத்திற்குக் காரணம் என்றால், ஒரே மண்ணில் வரும் ஒவ்வொரு வறட்சியும் ஒரே முடிவைத் தர வேண்டும். எத்தியோப்பியாவின் வரலாறு அப்படிச் சொல்லவில்லை.

1984இல் அங்கே நடந்தது இராணுவ ஆட்சி. வடக்கில் உள்நாட்டுப் போர் மூண்டிருந்தது. கிளர்ச்சியாளர் பகுதிகளுக்கு உணவு செல்லாமல் அரசு தடுத்தது. மக்கள் மடிந்துகொண்டிருந்த அதே செப்டம்பர் மாதத்தில் தலைநகரில் புரட்சியின் பத்தாம் ஆண்டு விழா பெரும் செலவில் கொண்டாடப்பட்டது. அக்டோபரில் பிபிசி தொலைக்காட்சி ஒளிபரப்பிய காட்சிகள் உலகை உலுக்கின. 1985 ஜூலையில் "லைவ் எய்ட்" இசைநிகழ்ச்சி நடந்தது. ஆனால் அதற்குள் காலம் கடந்துவிட்டது. இறந்தோர் எண்ணிக்கை 4 இலட்சம் முதல் 10 இலட்சம் வரை இருக்கலாம் எனக் கணிக்கப்படுகிறது.

2015இல் அதே நாட்டை மீண்டும் கடும் வறட்சி தாக்கியது. 10 மில்லியனுக்கும் மேற்பட்டோருக்கு அவசர உணவுதவி தேவைப்பட்டது. ஆனால் 1984ஐப் போன்ற பெருஞ்சாவு நிகழவில்லை. இடைப்பட்ட காலத்தில் என்ன மாறியது? 2005இல் தொடங்கிய பாதுகாப்பு வலைத் திட்டம், ஏழைக் குடும்பங்களுக்குப் பொதுப்பணிகளில் வேலை கொடுத்து, பணமோ தானியமோ வழங்கி வந்தது. ஆயிரக்கணக்கான பெண் சுகாதாரப் பணியாளர்கள் கிராமந்தோறும் இருந்தனர். அரசும் தன் சொந்த நிதியைச் செலவிட்டது.

2020 நவம்பரில் அதே நாட்டின் திக்ரே மாநிலத்தில் போர் வெடித்தது. வயல்கள் எரிக்கப்பட்டன, உழவு மாடுகள் கொள்ளையிடப்பட்டன, உதவிப் பாதைகள் அடைக்கப்பட்டன. 2022 நவம்பரில் பிரிட்டோரியாவில் அமைதி உடன்பாடு கையெழுத்தாகும் வரை அங்கே பசியும் ஓர் ஆயுதமாக இருந்தது. வானம் செய்யாததை மனிதன் செய்து முடித்தான்.

எதிர்ப்பக்கத்தில் போட்ஸ்வானாவைப் பாருங்கள். 1980களில் அங்கே வறட்சி பல ஆண்டுகள் தொடர்ந்தது, தானிய விளைச்சல் படுவீழ்ச்சி கண்டது. ஆயினும் பஞ்சச் சாவு ஏற்படவில்லை. மக்களுக்குப் பதில் சொல்ல வேண்டிய, தேர்தலில் வந்த அரசு அங்கே இருந்தது. வேலையும் உணவும் உரிய நேரத்தில் வழங்கப்பட்டன. ஆப்பிரிக்காவில் 54 நாடுகள் உள்ளன. அத்தனையையும் ஒரே படத்திற்குள் அடைப்பது நம் அறியாமையே.

இவ்வாறு கூறுவதால் மழைக்குப் பங்கே இல்லை என்று பொருளாகாது. சகாராவுக்குத் தெற்கே பயிர்நிலத்தில் 90 விழுக்காட்டுக்கு மேல் மழையை மட்டுமே நம்பியிருக்கிறது. பருவநிலை மாற்றம் அந்த நம்பிக்கையை மேலும் தளர்த்துகிறது. மழை பொய்த்தால் விளைச்சல் குறையும். அது சாவில் முடிய வேண்டுமானால், இடையில் மனிதர்கள் பல வழிகளை அடைத்திருக்க வேண்டும்.

அறிவிப்புக்கு முன்பே வரும் சாவு

பஞ்சம் என்று அறிவிக்க இன்று அனைத்துலக அளவுகோல் ஒன்றுண்டு. ஒரு வட்டாரத்தில் ஐந்தில் ஒரு குடும்பம் கடும் உணவின்மையில் இருக்க வேண்டும். குழந்தைகளில் 30 விழுக்காட்டினர் உடல் மெலிந்திருக்க வேண்டும். நாளொன்றுக்குப் பத்தாயிரம் பேரில் இருவர் இறந்துகொண்டிருக்க வேண்டும். இந்த மூன்றும் சேரும்போது பெயர் சூட்டப்படுகிறது. ஆக, பெயர் வரும்போதே பலர் போய்விட்டிருப்பார்கள்.

சோமாலியாவில் 2011 ஜூலை 20ஆம் நாள் பஞ்சம் அறிவிக்கப்பட்டது. ஏறக்குறைய 2,58,000 பேர் இறந்தனர் என்பது பின்னர் வந்த ஆய்வின் கணக்கு. அவர்களில் பாதிப் பேர் ஐந்து வயதுக்குட்பட்ட குழந்தைகள். எச்சரிக்கைகள் பல மாதங்களுக்கு முன்பே வந்திருந்தன. 2017இல் அதே நாட்டில் வறட்சி வந்தபோது உதவி முன்கூட்டியே சென்றது, பஞ்சம் தவிர்க்கப்பட்டது.

சூடானின் நிலையோ வேறு. நைல் நதி பாயும் அந்நாட்டை அரபுலகின் தானியக் களஞ்சியமாக்குவோம் என்று 1970களில் பேசினார்கள். 2023 ஏப்ரலில் இரு படைகளுக்கிடையே போர் மூண்டது. 2024 ஆகஸ்டில் உள்நாட்டில் இடம்பெயர்ந்தோர் தங்கிய ஸம்ஸம் முகாமில் பஞ்சம் உறுதிசெய்யப்பட்டது. 2025 நவம்பரில் எல் பாஷர், கதுக்லி நகரங்களிலும் அது உறுதியானது.

இதனிடையே, 1984 பஞ்சத்தின் பாடமாக 1985இல் அமெரிக்கா நிறுவிய பஞ்ச முன்னெச்சரிக்கை வலையமைப்பு, 2025 ஜனவரியில் நிதி நிறுத்தத்தால் சில மாதங்கள் முடங்கிப் போனது. கண்ணை மூடிக்கொண்டால் பசி மறைந்துவிடுமா?

பிணி என்றால் மருந்துண்டு

1990களில் பிரான்சில் ஓர் எளிய உணவு உருவானது. நிலக்கடலைப் பசை, பால்மாவு, சர்க்கரை, எண்ணெய், உயிர்ச்சத்துகள் ஆகியவற்றைக் குழைத்துச் சிறு பொட்டலமாக அடைத்தார்கள். ஒரு பொட்டலத்தில் 500 கலோரி. தண்ணீர் கலக்க வேண்டாம், குளிர்பெட்டி வேண்டாம், பெரும்பாலான குழந்தைகள் மருத்துவமனையில் தங்கவும் வேண்டாம். தாயே வீட்டில் ஊட்டலாம். 2005இல் நைஜரில் 60,000க்கும் மேற்பட்ட குழந்தைகளுக்கு இம்முறையில் சிகிச்சை அளிக்கப்பட்டது.

மருந்தோடு நின்றுவிடாமல் மண்ணிலும் மாற்றம் செய்தவர்கள் உண்டு. எத்தியோப்பியாவில் பிறந்த அறிவியலாளர் கெபிசா எஜெட்டா, வறட்சியையும் பயிர்வேரில் ஒட்டி உறிஞ்சும் களையையும் தாங்கும் சோள வகைகளை உருவாக்கி 2009இல் உலக உணவுப் பரிசைப் பெற்றார். உயிர்ச்சத்து ஏ நிறைந்த ஆரஞ்சு நிறச் சர்க்கரைவள்ளிக் கிழங்கை மொசாம்பிக், உகாண்டா உழவர்களிடம் கொண்டு சேர்த்தவர்களுக்கு 2016இல் அதே பரிசு கிடைத்தது.

வாக்குறுதிகளும் குறைவில்லை. வரவு செலவுத் திட்டத்தில் பத்து விழுக்காட்டை வேளாண்மைக்கு ஒதுக்குவோம் என 2003இல் மபுட்டோவில் ஆப்பிரிக்க அரசுகள் உறுதியளித்தன. 2025க்குள் பசியை ஒழிப்போம் என 2014இல் மலாபோவில் உறுதியளித்தன. அந்த ஆண்டு வந்தது. பசி ஒழியவில்லை.

நாம் என்ன செய்யலாம்?

பல்கலைக்கழகத்தில் நாம் பட்டினி முகாம் நடத்தியிருப்போம், உண்டியல் ஏந்தியிருப்போம். அவை வீண் என்று சொல்ல மாட்டேன். ஆனால் இரக்கம் கேள்வியாகவும் வளர வேண்டும். அடுத்த முறை ஒரு வறட்சிச் செய்தியைப் படிக்கும்போது மழை எவ்வளவு பெய்தது என்று மட்டும் பார்க்காதீர்கள். அங்கே தானியத்தின் விலை என்ன, ஆட்டின் விலை என்ன, எந்தச் சாலை அடைபட்டிருக்கிறது, யார் அடைத்தது, எச்சரிக்கை எப்போது வந்தது என்று தேடுங்கள். பொருளியல், மருத்துவம், வேளாண்மை, ஊடகம் என எத்துறை மாணவராயினும் அக்கேள்விகளில் ஒன்றேனும் உங்களுக்குரியதாக இருக்கும்.

தமிழ் பசியைப் "பசிப்பிணி" என்றது. கானாவின் தாய்மார்களும் பசிக்கு ஒரு நோயின் பெயரையே சூட்டினார்கள். விதி என்றால் தலைகுனிந்து ஏற்க வேண்டும். பிணி என்றால் காரணம் தேட வேண்டும், மருந்து கொடுக்க வேண்டும், மருந்து போகும் வழியை அடைப்பவரைத் தடுத்துக் கேட்க வேண்டும்.

அடுத்த ஆடியில் கூழ்ச் சொம்பைக் கையில் வாங்கும்போது, அந்தக் கேழ்வரகு புறப்பட்டு வந்த மண்ணையும் ஒரு கணம் நினைத்துக்கொள்வோம். நாம் அந்த மண்ணுக்குக் கடன்பட்டவர்கள்.