இரண்டாம் சிம் அட்டை: வசதியும் பொறுப்பும்

தெருவுக்கு ஒரு தொலைபேசி இருப்பதே பெருமையெனக் கருதப்பட்ட காலம் ஒன்று உண்டு. 1995 ஜூலை 31ஆம் நாள் மேற்கு வங்க முதலமைச்சர் ஜோதி பாசு, தில்லியில் இருந்த மத்திய அமைச்சர் சுக்ராமுடன் பேசியதே இந்தியாவின் முதல் கைப்பேசி அழைப்பாகும். இன்றோ ஒருவர் பெயரில் இரண்டு, மூன்று இணைப்புகள் இருத்தல் இயல்பாகிவிட்டது. இந்நிலையில் இரண்டாம் சிம் அட்டையின் இயல்பையும், அதனால் விளையும் பொறுப்பையும் அறிந்துகொள்வது இன்றியமையாதது.

சிம் அட்டை என்பது யாது?

சிம் என்பது வாடிக்கையாளரின் அடையாளத்தைத் தாங்கிய சிறு சில்லு. அதனுள் பதினைந்து இலக்க அடையாள எண் ஒன்றும், மறைகுறி ஒன்றும் பொதிந்துள்ளன. மறைகுறியின் மற்றொரு படி நிறுவனத்திடம் இருக்கும். இவ்விரண்டும் ஒத்துவந்தால்தான் இணைப்புக் கிட்டும். எனவே இரண்டாம் சிம் என்பது முதல் அட்டையின் நகலன்று. தனி அடையாளம் கொண்ட மற்றோர் இணைப்பேயாகும்.

ஒரே கணக்கில் இரண்டு எண்கள்

பின்கட்டண முறையில் முதன்மை எண்ணுடன் குடும்பத்தினர் எண்களையும் சேர்த்துக்கொள்ளலாம். கட்டணச் சீட்டு ஒன்றே. அதைச் செலுத்தும் கடமை முதன்மை வாடிக்கையாளருடையது. துணை எண் வேண்டாமெனில் அதனை முறைப்படி நீக்கக் கோர வேண்டும். அட்டையைக் கழற்றி வைத்தால் மட்டும் கட்டணம் நின்றுவிடாது. முன்கட்டண எண்ணின் நிலை வேறு. தொடர்ந்து 90 நாள் பயன்பாடின்றி, இருப்பும் 20 ரூபாய்க்குக் குறைந்திருப்பின் அவ்வெண் துண்டிக்கப்படலாம். பின்னர் அது வேறொருவருக்கு வழங்கப்படவும் கூடும். வங்கிக் கணக்குடன் இணைத்த எண்ணாயின் இதன் விளைவு எளிதன்று.

யார் பெயரில் பெறுவது?

பதினெட்டு வயது நிரம்பாதவர் 1872ஆம் ஆண்டின் இந்திய ஒப்பந்தச் சட்டப்படி ஒப்பந்தம் செய்யும் தகுதி பெறார். அவர் பெயரில் சிம் வழங்குவதும் இல்லை. ஆகவே கல்லூரியில் புதிதாகச் சேரும் பதினேழு வயது மாணவரின் எண் பெரும்பாலும் தந்தை அல்லது தாயின் பெயரிலேயே இருக்கும். அவ்வெண்ணால் ஒரு குற்றம் நிகழ்ந்தால் காவல்துறையின் முதல் வினா பதிவில் உள்ள பெயருக்கே வரும். பதினெட்டு வயது நிறைந்ததும் உரிமை மாற்றம் செய்துகொள்வது இருவர்க்கும் நலம் பயக்கும்.

நண்பர்க்கு உதவுவதாக எண்ணித் தம் பெயரில் சிம் வாங்கித் தருவோரும் உளர். இரக்கம் நற்பண்பே, எனினும் அடையாளம் இரவல் தரும் பொருளன்று. 2023ஆம் ஆண்டின் தொலைத்தொடர்புச் சட்டம், ஏமாற்றியோ ஆள்மாறாட்டம் செய்தோ சிம் பெறுவோர்க்கு மூன்றாண்டு வரை சிறை, 50 இலட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும் விதிக்க வழிசெய்கிறது.

அளவும் சரிபார்ப்பும்

ஒருவர் பெயரில் 9 இணைப்புகள் வரை இருக்கலாம். ஜம்மு காஷ்மீர், அசாம், பிற வடகிழக்கு மாநிலங்களில் 6 மட்டுமே. நம் பெயரில் உள்ள எண்களை மத்திய அரசின் சஞ்சார் சாத்தி தளத்தில் காணலாம். நாம் பெறாத எண் இருப்பின் அங்கேயே முறையிடலாம்.

எண்கள் பெருகுவது குறையன்று. ஒவ்வோர் எண்ணும் நம் பெயரைச் சுமந்து செல்கிறது என்பதை மறவாதிருத்தலே அறிவுடைமையாகும்.