வாய்தாவுக்குப் போகாவிட்டால்...

ஊரில் சொத்து வழக்கு, இங்கே உத்தியோகம். நம்மில் பலருடைய நிலை இதுதான். ரயில்வேயில் இருந்த காலத்தில் எனக்கும் லீவும் வாய்தாவும் ஒத்து வந்ததில்லை. அதனால் இந்தச் சட்டத்தைப் படித்து வைத்தேன்.

1908-ஆம் ஆண்டு சிவில் நடைமுறைச் சட்டத்தின் 9-வது கட்டளை இதைப் பற்றியது. வழக்கை அழைக்கும்போது இரு தரப்பும் இல்லையென்றால் கோர்ட் தள்ளுபடி செய்யலாம். காலக்கெடு முடியாதிருந்தால் புதிதாக வழக்குப் போடலாம். வாதி மட்டும் வந்தால், பிரதிவாதி இல்லாமலே விசாரணை நடக்கலாம். பிரதிவாதி மட்டும் வந்து, கோரிக்கையை ஒப்புக்கொள்ளாவிட்டால் தள்ளுபடிதான். இதுவே கடுமையானது. அதே காரணத்துக்கு மறுபடி வழக்குப் போட முடியாது.

பரிகாரம் உண்டு. தள்ளுபடியான நாளிலிருந்து 30 நாளுக்குள், வர முடியாமற்போனதற்குத் தக்க காரணம் காட்டி, வழக்கை மீண்டும் எடுத்துக்கொள்ளும்படி மனுச் செய்யலாம். கெடு தாண்டிவிட்டால், தாமதத்தை மன்னிக்கவும் மனு வேண்டும். ஆஸ்பத்திரிச் சீட்டு, ரயில் டிக்கெட் எதையும் எறிந்துவிடாதீர்கள்.

வக்கீல் ஆஜரானால் பெரும்பாலும் போதும். அவரும் வராவிட்டால்? வக்கீலின் தவறுக்குக் கட்சிக்காரர் கஷ்டப்படக் கூடாது என்று ரஃபீக் – முன்ஷிலால் வழக்கில் 1981-ல் சுப்ரீம் கோர்ட் சொன்னது. ஆனால் அதையே நம்பி இருந்துவிடக் கூடாது. வழக்கின் 16 இலக்க சி.என்.ஆர். எண்ணை வக்கீலிடம் கேட்டு வாங்குங்கள். இ-கோர்ட்ஸ் இணையதளத்தில் அதைப் போட்டால் அடுத்த வாய்தா எப்போது என்று இங்கிருந்தே பார்த்துக்கொள்ளலாம்.