இதயத்தின் நடு மதகு: ஏ.வி. சந்திப்பில் பிறக்கும் துடிப்பு மாற்றங்கள்

இ.சி.ஜி. தாளின் மேல் ஓரத்திலோ, மருத்துவமனையிலிருந்து வீடு திரும்பும்போது தரப்படும் சுருக்கக் குறிப்பிலோ ‘ஜங்ஷனல் ரிதம்’ என்ற சொற்களைக் கண்டு கலங்கும் குடும்பங்கள் பல. இது மாரடைப்பா, இதயம் நின்றுவிடுமா, உடனே பேஸ்மேக்கர் வைக்க வேண்டுமா என்ற கேள்விகள் அடுத்தடுத்து எழுகின்றன. சிலருக்கு இத்துடிப்பு எவ்விதத் தீங்கும் செய்வதில்லை. சிலருக்கு இதுவே உயிரைக் காத்து நிற்கும் துடிப்பு. வேறு சிலருக்கு இது மருந்தின் அளவு மிகுந்துவிட்டதற்கான எச்சரிக்கை. இம்மூன்றில் உங்களுடையது எது என்பதை மருத்துவரிடம் கேட்டுத் தெளிய இக்கட்டுரை துணைசெய்யும்.

இயல்பான துடிப்பு எவ்வாறு நிகழ்கிறது?

வத்திராயிருப்பை அடுத்த பிளவக்கல்லில் பெரியாறு, கோவிலாறு என இரு அணைகள் உள்ளதை நம் பகுதியினர் அறிவர். மலையில் பெய்த மழைநீர் அணையில் தேங்கி, மதகு வழியாக அளவோடு வயலுக்குச் செல்கிறது. மதகு இல்லையேல் வயல் ஒன்று வெள்ளக்காடாகும். அல்லது காய்ந்து போகும்.

இதயத்திலும் அத்தகைய மதகு ஒன்று உண்டு. வலது மேலறையின் உச்சியிலுள்ள சைனஸ் கணு, ஓய்வு நிலையில் நிமிடத்திற்கு 60 முதல் 100 முறை மின்தூண்டலை எழுப்புகிறது. அத்தூண்டல் மேலறைகளைச் சுருங்கச் செய்தபின், மேலறைக்கும் கீழறைக்கும் இடையிலுள்ள ஏ.வி. கணுவை அடைகிறது. அங்கு ஏறத்தாழ ஒரு நொடியில் பத்தில் ஒரு பங்கு நேரம் தாமதித்து, ஹிஸ் கற்றை வழியாகக் கீழறைகளுக்குச் செல்கிறது. மேலறையிலுள்ள இரத்தம் முழுமையாகக் கீழறைக்குள் இறங்குவதற்கு இத்தாமதமே இடம் தருகிறது. ஏ.வி. கணுவும் ஹிஸ் கற்றையின் தொடக்கப் பகுதியும் சேர்ந்ததே ஏ.வி. சந்திப்பு.

இக்கணுவை உலகிற்கு விளக்கிக் காட்டியவர் ஜப்பானிய மருத்துவர் சுனாவோ தவாரா. ஜெர்மனியின் மார்புர்க் நகரில் செய்த ஆய்வை அவர் 1906ஆம் ஆண்டு வெளியிட்டார். மறு ஆண்டே, 1907இல், ஆர்தர் கீத், மார்ட்டின் ஃபிளாக் என்னும் இருவர் சைனஸ் கணுவைக் கண்டறிந்தனர்.

மூவகை மாற்றங்கள்

முதல் வகை, காக்கும் துடிப்பு. மேலிருந்து ஆணை வராதபோது மதகைக் காப்பவர் தாமே முன்வந்து மெல்லத் திறந்துவிடுவதைப் போன்றது இது. சைனஸ் கணு சோர்ந்தாலோ, அதன் தூண்டல் வழியில் தடைப்பட்டாலோ, ஏ.வி. சந்திப்பு நிமிடத்திற்கு 40 முதல் 60 முறை தானே துடிப்பை எழுப்புகிறது. இது நோயன்று, வேறொரு குறையை ஈடுகட்டும் ஏற்பாடு. ஆகவே மருத்துவர் இத்துடிப்பை அடக்க முயல்வதில்லை. சைனஸ் கணு ஏன் பின்தங்கியது என்பதையே தேடுவார். நன்கு உடற்பயிற்சி செய்யும் இளைஞர்களிடம் உறக்கத்தின்போது இது காணப்படுவதுண்டு. அவர்களுக்குச் சிகிச்சை தேவைப்படுவதில்லை.

இரண்டாம் வகை, சந்திப்பே விரைந்து துடிப்பது. ஆணை வந்துகொண்டிருக்கும்போதே மதகு தன் விருப்பப்படி திறந்து மூடுவது போன்றது. நிமிடத்திற்கு 60 முதல் 100 வரை எனில் ‘முடுக்கப்பட்ட’ துடிப்பு என்றும், 100க்கு மேல் எனில் ஜங்ஷனல் டாக்கிகார்டியா என்றும் கூறுவர். பிறவி இதயக் குறைக்கு அறுவை செய்யப்பட்ட குழந்தைகளுக்கு, முதல் இரண்டு மூன்று நாள்களில் இது தோன்றக்கூடும். தீவிர சிகிச்சைப் பிரிவில் குழந்தையின் உடலைக் குளிர்விப்பதும், அமியோடரோன் போன்ற மருந்தைச் செலுத்துவதும் இதற்காகவே. பெரும்பாலும் சில நாள்களில் இது தணிந்துவிடும்.

மூன்றாம் வகை, சுழலும் துடிப்பு. சிலருக்கு ஏ.வி. கணுவை ஒட்டி வேகமான பாதை ஒன்றும் மெதுவான பாதை ஒன்றுமாக இரண்டு இருக்கும். மின்தூண்டல் ஒன்றின் வழி இறங்கி மற்றொன்றின் வழி ஏறிச் சுழலத் தொடங்கினால், துடிப்பு நிமிடத்திற்கு 150, 200 எனத் திடீரென உயரும், திடீரெனவே நிற்கும். மேலறையும் கீழறையும் ஒரே வேளையில் சுருங்குவதால், மூடிய வால்வின் மீது மோதிய இரத்தம் பின்னோக்கித் தள்ளப்படுகிறது. கழுத்தில் படபடவென அடிப்பதை நோயாளியே உணர்வார். மனப்பதற்றம் என்று எண்ணி ஆண்டுக்கணக்கில் இதைப் பொறுத்துக்கொண்டோர் உண்டு.

இதற்கு நல்ல தீர்வுகள் உள்ளன. மூச்சை அடக்கி முக்குதல் போன்ற பயிற்சியை மருத்துவர் கற்றுத் தருவார். அடினோசின் ஊசி சில நொடிகளில் சுழற்சியை அறுக்கும். அப்போது நெஞ்சு இறுகுவது போன்ற உணர்வு வந்து, சில நொடிகளில் மறையும். அடிக்கடி வருவோருக்கு மெல்லிய குழாயைச் செலுத்தி மெதுவான பாதையைச் சுட்டுவிடும் ‘அப்லேஷன்’ சிகிச்சை நூற்றில் தொண்ணூற்றைந்து பேருக்கு மேல் பயன் தருகிறது. நூற்றில் ஒருவருக்கோ அதற்கும் குறைவாகவோ கணு பழுதுற்றுப் பேஸ்மேக்கர் தேவைப்படலாம். ஒப்புதல் படிவத்தில் கையெழுத்திடுமுன் இதனையும் கேட்டறிக.

காரணங்கள் யாவை?

இதயத்தின் அடிப்பகுதியில் ஏற்படும் மாரடைப்பு, வாதக் காய்ச்சல், தைராய்டு குறைவு, இரத்தத்தில் பொட்டாசியம் மிகுதல், வயது காரணமாகச் சைனஸ் கணு தளர்தல் ஆகியவை முதன்மையானவை. மெட்டோப்ரோலால், அட்டெனோலால், டில்டியாசெம், வெரப்பமில் ஆகிய மருந்துகளும் சைனஸ் கணுவை மெதுவாக்கி இத்துடிப்பை வெளிக்கொணரக்கூடும்.

இவற்றுள் குடும்பத்தினர் தனிக் கவனம் செலுத்த வேண்டியது டிகாக்சின். ஃபாக்ஸ்க்ளவ் என்னும் செடியின் இலை இதய நோய்க்குப் பயன்படுவதை ஆங்கில மருத்துவர் வில்லியம் விதரிங் 1785இல் நூலாக எழுதினார். அவ்வகைச் செடியொன்றிலிருந்து டிகாக்சின் 1930இல் பிரித்தெடுக்கப்பட்டது. பயன் தரும் அளவுக்கும் நஞ்சாகும் அளவுக்கும் இடைவெளி மிகக் குறைவு. எனவேதான் சிலருக்கு வாரத்தில் ஐந்து நாள் மட்டும் உண்ணும்படி எழுதித் தருவர். ‘விட்டுப்போன’ இரண்டு நாள்களை ஈடுசெய்வதாக எண்ணி மாத்திரையைக் கூட்டலாகாது.

சிறுநீரகம் தளர்ந்தோருக்கும், நீர் பிரியும் மாத்திரையால் பொட்டாசியம் குறைந்தோருக்கும், வயிற்றுப்போக்கால் நீர் வற்றியோருக்கும் வழக்கமான அளவே நஞ்சாகக்கூடும். பசியின்மை, குமட்டல், பார்வையில் மஞ்சள் அல்லது பச்சைச் சாயல், முதியோரிடம் தோன்றும் குழப்பம் ஆகியன முன்னறிகுறிகள். இவை தென்பட்டால் அடுத்த மாத்திரையைத் தருமுன் மருத்துவமனையைத் தொடர்புகொள்ளுங்கள். வேறு நோய்க்குப் புதிதாக மருந்து எழுதப்படும்போது, டிகாக்சின் உண்பதை மறவாமல் கூறுங்கள்.

நம் தோட்டங்களிலும் வேலியோரங்களிலும் பூக்கும் அரளியிலும் மஞ்சள் அரளியிலும் டிகாக்சினை ஒத்த நஞ்சு உண்டு. எப்பாகத்தையும் கசாயமாகவோ கைமருந்தாகவோ கொடுக்கலாகாது. சிறுவர்கள் மென்றுவிட்டால், அவர்கள் நலமாகத் தோன்றினாலும் தாமதியாது மருத்துவமனைக்கு அழைத்துச் செல்லுங்கள். துடிப்புக் கோளாறு சில மணி நேரம் கழித்தும் வெளிப்படக்கூடும்.

இ.சி.ஜி. தாளில் மருத்துவர் காண்பது

இயல்பான ஒவ்வொரு துடிப்பிலும் முதலில் ‘பி’ என்னும் சிறு அலை நிமிர்ந்து நிற்கும். சந்திப்பில் பிறந்த துடிப்பில் அது மறைந்திருக்கும், அல்லது தலைகீழாகவோ பின்னால் தள்ளியோ தோன்றும். ஆயினும் கீழறைக்குரிய அலை பெரும்பாலும் குறுகலாகவே இருக்கும். துடிப்பு நீடிக்கும்போது எடுத்த தாளே நோயைக் காட்டும் என்பதால், படபடப்பு வந்தவுடன் அருகிலுள்ள மருத்துவமனையில் இ.சி.ஜி. எடுத்து, அத்தாளைப் பத்திரப்படுத்துங்கள்.

வீட்டில் செய்யத்தக்கவை

நோயாளி ஐந்து நிமிடம் அமர்ந்து ஓய்வெடுத்தபின், மணிக்கட்டில் பெருவிரல் பக்கமாக இரு விரல்களை வைத்து, முழுதாக ஒரு நிமிடம் நாடியை எண்ணுங்கள். நாள், நேரம், எண்ணிக்கை, அப்போதிருந்த தொல்லை ஆகியவற்றைக் குறிப்பேட்டில் எழுதுங்கள். எந்த எண்ணிக்கைக்குக் கீழே இறங்கினால் தெரிவிக்க வேண்டும் என்பதை உங்கள் மருத்துவரிடமே கேட்டு, அதனை முதல் பக்கத்தில் எழுதிவையுங்கள்.

மாத்திரைகளைத் தாமாக நிறுத்துவதும் தீங்கே. குறிப்பாக, பீட்டா தடுப்பான்களைத் திடீரென நிறுத்தினால் நெஞ்சுவலி மிகக்கூடும்.

மயக்கமோ தலைசுற்றலோ உடையவர்கள், காரணம் தெளியும் வரை வாகனம் ஓட்டுதல், கிணற்றில் இறங்குதல், பனையோ தென்னையோ ஏறுதல் ஆகியவற்றைத் தவிர்க்க வேண்டும். அமாவாசை, பௌர்ணமி நாள்களில் தாணிப்பாறை வழியாகச் சதுரகிரிக்கு ஏற விரும்புவோர், முன்னதாகவே மருத்துவரிடம் கலந்து முடிவெடுங்கள். மலைப்பாதையின் நடுவே மயங்கி விழுந்தால், கீழே கொண்டுவந்து சேர்ப்பதற்கே நெடுநேரமாகும்.

நெஞ்சுவலி, மூச்சுத்திணறல், நினைவிழத்தல், குளிர்ந்த வியர்வை, அல்லது இவற்றுடன் மிக மெதுவான நாடி எனில், காத்திராமல் 108ஐ அழையுங்கள். புறப்படும்போது பழைய இ.சி.ஜி. தாளையும் உண்ணும் மாத்திரைகள் அனைத்தையும் அட்டையோடு எடுத்து வாருங்கள். அவ்விரண்டும் கையிலிருந்தால், இத்துடிப்பு காக்க வந்ததா, எச்சரிக்க வந்ததா என்பதைப் பணியிலிருக்கும் மருத்துவர் விரைந்து தெளிவார்.