எல்லாம் போன்ல இருக்கு மேடம்

ஓசூரில் வக்கீலாக இருப்பவருக்குக் கண்ணைவிடக் காதுக்குத்தான் வேலை அதிகம். பத்திரம், ரசீது, நோட்டீஸ் என்று காகிதக் கட்டோடு வந்தவர்கள் இப்போது "எல்லாம் போன்ல இருக்கு மேடம்" என்று செல்போனை மேசையில் வைத்து பிளே பட்டனை அழுத்துகிறார்கள். கூலி பாக்கி, நில பேரம், சீட்டுப் பணம், மாமியார் திட்டியது எல்லாமே ஆடியோ.

சூளகிரிப் பக்கத்திலிருந்து ஒரு கான்ட்ராக்ட் தொழிலாளி கொண்டுவந்த பதிவைச் சொல்கிறேன். பின்னால் பிரஸ் மெஷின் 'டம் டம்' என்று அடிக்கிறது. சூப்பர்வைசர் தமிழில் ஆரம்பிக்கிறார். கோபம் ஏறியதும் தெலுங்கு. நடுவில் கான்ட்ராக்டர் போனை வாங்கி, கன்னடத்தில் "நாளெயிந்த பரபேடா" என்கிறார். நாளையிலிருந்து வராதே. அவ்வளவுதான், வேலை போய்விட்டது. நியமன உத்தரவு இல்லை, நீக்க உத்தரவும் இல்லை. அந்த இளைஞர் அங்கே வேலை பார்த்தார் என்பதற்கும், நீக்கப்பட்டார் என்பதற்கும் இருக்கிற ஒரே ஆதாரம் ஒரு நிமிடம்கூட ஓடாத இந்த ஆடியோ. ஆனால் அவர் கேட்டது வேலையைப் பற்றி அல்ல: "அவங்ககிட்ட சொல்லாம ரெக்கார்ட் பண்ணிட்டேன். என்மேல கேஸ் வருமா மேடம்?"

வராது. பேசுகிறவர்களில் ஒருவர் தன் பேச்சைத் தானே பதிவு செய்வது இந்தியாவில் குற்றமில்லை. எதிராளியிடம் அனுமதி கேட்க வேண்டும் என்று எந்தச் சட்டப் பிரிவும் சொல்லவில்லை. வேடிக்கை என்னவென்றால், கேட்க வேண்டியதில்லை என்றும் எந்தப் பிரிவும் சொல்லவில்லை. இது தீர்ப்புகளால் வந்த சட்டம்.

அதில் முக்கியமானது 1964இல் பம்பாயில் நடந்தது. குடல்வால் அறுவைக்குப் பிறகு ஒரு நோயாளி இறந்துபோனார். சந்தேக மரணங்களை விசாரிக்கும் கரோனர் பதவியில் இருந்தவர் மல்கானி. டாக்டருக்குச் சாதகமாக விஷயத்தை முடித்துவைக்க 20 ஆயிரம் ரூபாய் கேட்டார் என்பது புகார். பேரம் பேசப்போன இன்னொரு டாக்டர் லஞ்ச ஒழிப்புப் போலீஸிடம் சொல்லிவிட்டார். அவருடைய போனிலேயே, அவர் சம்மதத்தோடு, போலீஸார் டேப் ரெக்கார்டரை இணைத்தார்கள். மறுமுனையில் இருந்த மல்கானிக்குத் தெரியாது. வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. இது தந்திச் சட்டத்துக்கு விரோதம், அந்தரங்கத்தில் தலையீடு என்றெல்லாம் வாதாடினார்கள். பேசுகிறவர்களில் ஒருவரே சம்மதித்துப் பதிவு செய்தால் அது ஒட்டுக்கேட்பு ஆகாது என்று 1972 செப்டம்பரில் தீர்ப்பு வந்தது. அரை நூற்றாண்டு ஆகியும் நாங்கள் இன்றும் நீதிமன்றத்தில் எடுத்து வைப்பது அந்த மல்கானி வழக்கைத்தான்.

கோடு எங்கே இருக்கிறது என்று இப்போது புரியும். பேச்சில் பங்கு இல்லாத மூன்றாம் ஆள் காது வைத்தால் கதை மாறிவிடும். 2023ஆம் வருடத் தொலைத்தொடர்புச் சட்டத்தின் 42ஆவது பிரிவின்படி, சட்டவிரோதமாக ஒருவரின் தகவல் தொடர்பை இடைமறித்தால் 3 ஆண்டு வரை சிறை, 2 கோடி ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். மனைவி போனிலோ மகள் போனிலோ சொல்லாமல் உளவு ஆப் ஏற்றுவது தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66ஆவது பிரிவிலும் வரும். பேகேப்பள்ளி, மூக்கண்டப்பள்ளிப் பக்கம் விடுதியில் தங்கி வேலைக்குப் போகும் பெண்களின் அப்பாக்கள் சிலர் இதை "பாதுகாப்புக்கு" என்கிறார்கள். வயது வந்த பெண்ணின் போன் அவளுடையது. அப்பா என்பது சட்டத்தில் விதிவிலக்கு இல்லை.

குரல் இல்லாமல் படமானால் சட்டம் இன்னும் கடுமை. 2025 நவம்பரில் ஓசூரை அடுத்த நாகமங்கலத்தில், பெண் தொழிலாளர் விடுதிக் குளியலறையில் ரகசியக் கேமரா இருந்தது தெரிந்து, பெண்கள் இரவோடு இரவாக வெளியே வந்து போராடியதை மறந்திருக்க மாட்டீர்கள். பாரதிய நியாய சன்ஹிதாவின் 77ஆவது பிரிவு இதற்கானது. முதல் தடவையே குறைந்தது ஓராண்டு, அதிகபட்சம் 3 ஆண்டு.

அரசாங்கம் ஒட்டுக்கேட்கலாமா? அதற்கும் வேலி உண்டு. பொது அவசரநிலை, பொதுப் பாதுகாப்பு என்ற இரண்டில் ஒன்று இருந்தாக வேண்டும் என்று 1996 டிசம்பரில் பி.யு.சி.எல். வழக்கில் உச்ச நீதிமன்றம் விதி வகுத்தது. அதற்கு முன்பே, எல்லைக்கு அந்தப் பக்கம், போன் ஒட்டுக்கேட்பு விவகாரத்தில் ராமகிருஷ்ண ஹெக்டே 1988 ஆகஸ்டில் கர்நாடக முதல்வர் நாற்காலியையே இழந்தார். நம் பக்கத்தில், ஒரு லஞ்சப் புகாரை ஒட்டி 2011இல் சென்னை நிறுவன அதிகாரி ஒருவரின் போனை ஒட்டுக்கேட்க மத்திய உள்துறை போட்ட உத்தரவை, 2025 ஜூலை 2 அன்று சென்னை உயர் நீதிமன்ற நீதிபதி என். ஆனந்த் வெங்கடேஷ் ரத்து செய்தார். குற்றத்தைக் கண்டுபிடிக்கத்தானே என்று சொல்லி ரகசியமாகப் போனைக் கேட்க முடியாது என்பது அதன் சாரம். மல்கானி விஷயமும் லஞ்சம், இதுவும் லஞ்சம். அங்கே பேசியவரே சம்மதித்தார், இங்கே யாரும் சம்மதிக்கவில்லை.

வீட்டுச் சண்டைகளில்தான் எனக்கு மனசு ஒப்பவில்லை. கணவன், மனைவிக்குத் தெரியாமல் வருடக்கணக்காக அவள் பேச்சைப் பதிவு செய்து பதிண்டா குடும்ப நீதிமன்றத்தில் கொடுத்த வழக்கில், அதை ஆதாரமாக ஏற்கலாம் என்று உச்ச நீதிமன்றம் 2025 ஜூலை 14 அன்று சொன்னது. நீதிபதிகள் பி.வி. நாகரத்னா, சதீஷ் சந்திர சர்மா. ஒருவரையொருவர் வேவு பார்க்கிற அளவுக்குப் போய்விட்டால் அந்தத் திருமணம் ஏற்கெனவே உடைந்துதான் இருக்கிறது, பதிவால் உடையவில்லை என்பது அவர்கள் நியாயம். சட்டப்படி சரி. ஆனால் அந்தத் தீர்ப்பு செய்தியில் வந்தபின், சமாதானம் பேச என் அலுவலகத்துக்கு வருகிற தம்பதிகள் சட்டைப் பையிலும் கைப்பையிலும் போனை ஓடவிட்டபடி உட்காருகிறார்கள். நான் முதலில் இரண்டு போனையும் அலமாரியில் வைக்கச் சொல்கிறேன்.

இதோடு பரமக்குடியிலிருந்து உயர் நீதிமன்ற மதுரைக் கிளைக்குப் போன வழக்கையும் சேர்த்துப் படிக்க வேண்டும். அங்கே கணவன் பதிவு செய்யவில்லை. மனைவியின் போன் அழைப்பு விவரப் பட்டியலை, அவளுக்குத் தெரியாமல் வாங்கித் தாக்கல் செய்தார். தம்பதிக்குள்ளும் அந்தரங்கம் உண்டு, அதை மீறிப் பெற்ற ஆதாரம் செல்லாது என்று 2024 அக்டோபர் 30இல் நீதிபதி ஜி.ஆர். சுவாமிநாதன் தள்ளிவிட்டார். நீ பேசிய பேச்சு வேறு, அவள் மற்றவரோடு பேசிய கணக்கு வேறு. வருகிறவர்களிடம் நான் இப்படித்தான் பிரித்துச் சொல்கிறேன்.

எல்லையோரம் என்பதால் இங்கே அடிக்கடி வரும் கேள்வி ஒன்று: "நான் ஜூஜூவாடியில இருந்து பேசினேன், அவரு அத்திப்பள்ளியில இருந்தாரு. கர்நாடகா சட்டம் வேறயா?" மது விலை மாறும், வண்டி வரி மாறும், போன் சட்டம் மாறாது. தொலைபேசி மத்தியப் பட்டியலில் இருப்பது. போனில் பேசி ஏமாற்றியிருந்தால் பேசிய ஊரிலும் கேட்ட ஊரிலும் வழக்கு நடத்தலாம். எல்லை எங்களுடையதில்லை என்று எந்த ஸ்டேஷனும் புகாரைத் தட்டிக்கழிக்கக் கூடாது, ஜீரோ எஃப்.ஐ.ஆர். போட வேண்டும். அமெரிக்காவில் அப்படியில்லை. நியூயார்க்கில் ஒருவர் சம்மதம் போதும், கலிபோர்னியாவில் எல்லோரும் சம்மதிக்க வேண்டும். ஜெர்மனியில் சொல்லாமல் பதிவு செய்தால் 3 ஆண்டு வரை சிறை. சிப்காட் கம்பெனிகளிலிருந்து அங்கே பயிற்சிக்குப் போகும் பிள்ளைகள் இதைத் தெரிந்துகொண்டு விமானம் ஏறுவது நல்லது. நம் போனில்கூட ரெக்கார்ட் பட்டனைத் தொட்டதும் ஒரு பெண் குரல் அறிவிக்கிறதே, அது நம் சட்டம் கேட்டு வந்ததல்ல.

குற்றமில்லை என்பதால் சிக்கலே இல்லை என்று நினைத்துவிட வேண்டாம். பல தொழிற்சாலைகளில் போனை கேட்டிலேயே வைத்துவிட்டுத்தான் உள்ளே போக வேண்டும். மறைத்து எடுத்துப்போய்ப் பதிவு செய்தால் போலீஸ் வராது, சார்ஜ் மெமோ வரும். ஆத்திரத்தில் ஆடியோவை வாட்ஸ்அப் ஸ்டேட்டஸில் போட்டால் அவதூறு வழக்கு வரலாம். "பணம் தரலன்னா வெளியே விட்டுடுவேன்" என்றால் அது மிரட்டிப் பணம் பறித்தல், புகார் கொடுக்க வேண்டியவர் குற்றவாளி ஆகிவிடுவார். பதிவை எங்கே பயன்படுத்தலாம் என்றால், உதாரணத்துக்கு மைக்ரோ பைனான்ஸ் வசூல். காலை 9 மணிக்கு முன்னும் மாலை 6 மணிக்குப் பின்னும் வசூலுக்குத் தொந்தரவு செய்யக் கூடாது என்பது ரிசர்வ் வங்கியின் 2022ஆம் வருட விதி. விடிகாலையில் போன் செய்து கத்துகிறவரின் குரலும் நேரமும் உங்கள் போனில் இருந்தால் புகாருக்கு அதைவிட என்ன வேண்டும்?

நீதிமன்றத்தில் பதிவு நிற்பதும் விழுவதும் காகித வேலையில்தான். 2024 ஜூலை 1 முதல் அமலில் உள்ள பாரதிய சாட்சிய அதினியத்தின் 63ஆவது பிரிவு சான்றிதழ் கேட்கிறது. ஒரு பகுதியை நீங்களும் மறு பகுதியை நிபுணரும் தர வேண்டும். பதிவு மாற்றப்படவில்லை என்று காட்டும் 'ஹேஷ்' எண்ணும் அதில் இருக்க வேண்டும். குரல் என்னுடையது இல்லை என்று எதிராளி சாதித்தால், குரல் மாதிரி கொடுக்கச் சொல்லி மாஜிஸ்திரேட் உத்தரவிடலாம். எங்கள் ஊர்ப் பதிவுகளுக்குக் கூடுதலாக ஒரு தலைவலி: மூன்று மொழியும் தெரிந்தவரை வைத்து, யார் எந்த வரியைப் பேசினார் என்று வரிக்கு வரி எழுதித் தமிழாக்கமும் கொடுக்க வேண்டும்.

இதெல்லாம் இருந்தும் நல்ல வழக்குகள் தோற்பது பெரும்பாலும் ஒரே காரணத்தால். தீபாவளி ஆபரில் பழைய போனை எக்ஸ்சேஞ்சில் கொடுத்துவிட்டு, நண்பருக்கு பார்வர்டு செய்த நகலோடு வந்து நிற்கிறார்கள். பதிவான போனையே அதன் சொந்தக்காரர் கூண்டில் ஏறிக் காட்டினால் சான்றிதழ்கூடத் தேவைப்படாது என்று 2020இல் உச்ச நீதிமன்றம் அர்ஜுன் பண்டித்ராவ் வழக்கில், பழைய சாட்சியச் சட்டத்தை வைத்துச் சொல்லியிருக்கிறது. அதனால் திரை உடைந்திருந்தாலும் சரி, அந்தப் போனை விற்காதீர்கள், ரீசெட் செய்யாதீர்கள், பதிவை வெட்டி ஒட்டாதீர்கள். தேதி, நேரம், எதிராளியின் நம்பர் மூன்றையும் ஒரு தாளில் எழுதி, போனை அணைத்துப் பீரோவில் வையுங்கள். வக்கீலைப் பார்க்க வரும்போது அதையே கொண்டுவாருங்கள்.