கடையை காலி பண்ணச் சொல்கிறாரா ஓனர்? வாடகைக் கடைக்காரர்கள் தெரிந்துகொள்ள வேண்டியவை

"அப்பா காலத்துலேர்ந்து இங்கதான் கடை வச்சிருக்கோம், எங்களை யாரு காலி பண்ண முடியும்?" கடலூர் திருப்பாதிரிப்புலியூர் கடைவீதியானாலும், சிதம்பரம் மேல வீதியானாலும் வாடகைத் தகராறு வந்தால் முதலில் கேட்கும் வார்த்தை இதுதான். ஆனால் எத்தனை வருஷம் கடை நடத்தினோம் என்பது இன்று வழக்கில் பெரிதாகக் கைகொடுக்காது. எழுத்துப்பூர்வ ஒப்பந்தம் இருக்கிறதா, கடை யாருக்குச் சொந்தம் என்ற இரண்டு கேள்விகள்தான் முக்கியம்.

என்ன மாறியது?

தமிழ்நாட்டில் 1960-ம் ஆண்டு வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் பல ஆண்டுகள் நடைமுறையில் இருந்தது. வேண்டுமென்றே வாடகை பாக்கி வைப்பது, உரிமையாளரின் சொந்தத் தேவை, இடித்துக் கட்டுவது போன்ற குறிப்பிட்ட காரணங்களை நிரூபித்தால்தான் வாடகைதாரரை வெளியேற்ற முடியும். ஒப்பந்தம் வாய்மொழியாக இருந்தாலும் அந்தப் பாதுகாப்பு கிடைத்தது.

இந்தச் சட்டம் நீக்கப்பட்டு, நில உரிமையாளர்கள் மற்றும் வாடகைதாரர்களின் உரிமைகள், பொறுப்புகளை ஒழுங்குபடுத்தும் 2017-ம் ஆண்டு சட்டம், 2019 பிப்ரவரி 22 முதல் அமலுக்கு வந்தது. இதன்படி வாடகை ஒப்பந்தம் எழுத்தில் இருக்க வேண்டும். வாடகை ஆணையத்தில் பதிவு செய்ய வேண்டும். வீட்டுக்கும் கடைக்கும் ஒரே விதிதான்.

ஒப்பந்தம் போடவில்லை என்றால்?

இங்கேதான் சிக்கல். எழுத்துப்பூர்வ ஒப்பந்தம் செய்துகொள்ளாததே கடையைத் திரும்பப் பெற ஒரு காரணம் என்கிறது சட்டத்தின் 21-வது பிரிவு. பழைய வாடகைதாரர்கள் ஒப்பந்தம் போட கால அவகாசம் தரப்பட்டு, அது நீட்டிக்கப்பட்டு, முடிந்தும் விட்டது. அதாவது, வாடகையை ஒரு மாதம்கூட தவறாமல் கட்டியவரும் பேப்பர் இல்லாததால் கடையை இழக்க நேரிடலாம்.

2 மாத வாடகை பாக்கி இருந்து, நோட்டீஸ் கிடைத்த ஒரு மாதத்துக்குள் வட்டியோடு கட்டாவிட்டால் அதுவும் காரணமாகும். அதனால் நோட்டீஸ் வந்தால் "பாத்துக்கலாம்" என்று விட்டுவிடக் கூடாது.

உரிமையாளர் என்ன செய்யக் கூடாது?

* வாடகை நீதிமன்ற உத்தரவு இல்லாமல் பூட்டுப் போட்டு வெளியேற்ற முடியாது.
* கரண்ட், தண்ணீர் போன்ற அத்தியாவசிய வசதிகளை நிறுத்தக் கூடாது. நிறுத்தினால் வாடகை ஆணையத்தில் புகார் தரலாம். துணை ஆட்சியர் நிலை அதிகாரி இதை விசாரிப்பார்.
* ஒப்பந்தத்தில் வேறு மாதிரி சொல்லப்படாவிட்டால், 3 மாத வாடகைக்கு மேல் அட்வான்ஸ் கேட்கக் கூடாது.

உரிமையாளர் வாடகையை வாங்க மறுத்தால், "அவர்தான் வாங்கலையே" என்று சும்மா இருந்துவிடக் கூடாது. மணியார்டரிலோ வங்கி மூலமாகவோ அனுப்ப வேண்டும். அப்போதும் வாங்காவிட்டால் வாடகை ஆணையத்தில் கட்டலாம்.

கடை கோயிலுக்கோ நகராட்சிக்கோ சொந்தம் என்றால்?

அப்போது கதையே வேறு. கடலூர் மாநகராட்சி, சிதம்பரம் நகராட்சி போன்ற உள்ளாட்சி அமைப்புகளின் கட்டடங்களுக்கு 2017-ம் ஆண்டு சட்டம் பொருந்தாது. குத்தகைக் காலம் முடிந்தும் கடையில் இருப்பவரை வெளியேற்ற அரசு வளாகங்களுக்கான தனிச் சட்டம் இருக்கிறது.

அறநிலையத்துறையின் கீழ் உள்ள கோயில் கடைகளில், 5 ஆண்டுக்கு மேற்பட்ட குத்தகைக்கு ஆணையரின் அனுமதி தேவை. அறநிலையத்துறைச் சட்டம் 34-ஏ பிரிவின்படி ஒரு குழு சந்தை மதிப்பை வைத்து வாடகையை நிர்ணயிக்கும். தொகை அதிகம் என்று நினைத்தால் 30 நாளுக்குள் ஆணையரிடம் மேல்முறையீடு செய்யலாம். குத்தகை முடிந்தும் காலி செய்யாதவரை 78-வது பிரிவு ஆக்கிரமிப்பாளராகவே பார்க்கிறது.

கோயில் மனையில் சொந்தச் செலவில் கடை கட்டியவர்களுக்கும் இது பொருந்தும். அந்த மனையை விலைக்குக் கேட்க நகரக் குடியிருப்போர் பாதுகாப்புச் சட்டம் முன்பு வழி தந்தது. 1996-ல் வந்த திருத்தம் மத நிறுவனங்களின் நிலங்களுக்கு அந்த உரிமையை நீக்கியது. 2005-ல் மயிலாப்பூர் கிளப் வழக்கில் உச்ச நீதிமன்றமும் திருத்தம் செல்லும் என்றது.

சிதம்பரத்தில் இன்னொரு விஷயமும் உண்டு. நடராஜர் கோயில் நிர்வாகம் பொது தீட்சிதர்களிடமே இருக்க வேண்டும் என்று 2014 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. எனவே "கோயில் கடை" என்று பொதுவாகச் சொல்லாமல், எந்தக் கோயில், எந்த மடம், ரசீது தருவது யார் என்று முதலில் பார்க்க வேண்டும்.

இப்போதே செய்ய வேண்டியது என்ன?

1. உரிமையாளர் யார் என்பதை ரசீது, வரி ஆவணம் வைத்து உறுதி செய்யுங்கள்.
2. தனியார் கடை என்றால் ஒப்பந்தத்தை எழுதிப் பதிவு செய்யுங்கள். உரிமையாளர் தயங்கினால், ஒப்பந்தம் போடத் தயார் என்று பதிவுத் தபாலில் கடிதம் அனுப்பி, நகலைப் பத்திரமாக வையுங்கள்.
3. வாடகையை ரொக்கமாகக் கொடுக்காமல் வங்கி வழியாகக் கட்டுங்கள்.
4. நோட்டீஸ் வந்தால் தேதியைக் குறித்துக்கொண்டு உடனே வழக்கறிஞரைப் பாருங்கள்.

தகராறு வருவதற்கு முன்பு ஓனரும் கடைக்காரரும் முகம் பார்த்துப் பேசும் காலத்திலேயே ஒப்பந்தம் போடுவது சுலபம். நோட்டீஸ் வந்த பிறகு அந்தக் கையெழுத்தை வாங்குவது கஷ்டம்.