சாயம் பூசாத வண்ணங்கள்

வேலையினிமித்தமாகவோ பிள்ளைகளைக் காணவோ ஜப்பானுக்குப் பிரயாணம் செய்ய நேர்ந்தால், டோக்கியோவிலிருந்து ஹக்கோனே மலைக்குச் சென்றுவர ஒரு நாளை ஒதுக்கிவையுங்கள். அங்கே பழைய டோக்கைடோ சாலையோரத்தில் ஹட்டாஜுக்கு என்னும் சிற்றூர் உண்டு. 19ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் இஷிகாவா நிஹெய் என்பவர் அவ்வூரில் தொடங்கியதே யோசெகி என்னும் மரவேலை. 1984இல் ஜப்பானிய அரசு இதனைப் பாரம்பரியக் கைவினையாக அங்கீகரித்தது.

இவ்வேலையில் சாயத்திற்கு இடமில்லை. வெண்மை ஒரு மரத்தினுடையது; மஞ்சளும் பழுப்பும் கருமையும் வேறு வேறு மரங்களுடையவை. அம்மரங்களின் சிறு சட்டங்களைப் பசையிட்டு இணைத்துக் கட்டையாக்கி, அதன் முகப்பை இழைப்புளியால் சீவுகிறார்கள். காகிதம்போல் சுருண்டெழும் ஒவ்வொரு சீவலிலும் முழுக்கோலமும் நிற்கும். அதையே பெட்டிகளின்மேல் ஒட்டுகிறார்கள்.

பயணிகளும் இதைச் செய்துபார்க்க அங்கே பயிற்சிக்கூடம் உண்டு. ஏற்கெனவே வெட்டிவைத்த வண்ணத்துண்டுகளை நீங்களே அடுக்கி ஒட்டி, தேநீர்க் கோப்பை வைக்கும் சிறு பலகை ஒன்றைச் செய்யலாம். பசையிடுமுன் கோலம் முழுவதையும் ஒருமுறை அடுக்கிப் பாருங்கள். முதல் துண்டு மயிரிழையளவு விலகினாலும், கடைசித் துண்டுக்கு இடமிராது.

பயிற்சிக்குப் பின்பு கடைக்குள் செல்லுங்கள். அங்குள்ள பெட்டியின் விலையைக் கண்டு, "இத்தனையா?" என்று கேட்க உங்கள் நாவு எழாது. அவ்விலையின் நியாயத்தை உங்கள் விரல்கள் அதற்குள் அறிந்திருக்கும்.